வாடகை தண்டம், தவணைதான் சொத்தா? 30 லட்சம் வீட்டுக் கடனின் உண்மையான விலை (கடலூர்)

கேள்வி, 6 ஜூலை 2025

வண்டிப்பாளையத்தில் வாடகைக்கு இருக்கிறேன், மாதம் 9,500. கோண்டூர் பக்கம் ஒரு தனி வீடு 38 லட்சத்துக்கு வருகிறது. ஒரு வீட்டுக் கடன் நிறுவனம் 30 லட்சம் தருகிறேன் என்கிறது. வட்டி 8.5 சதவீதம், 20 வருடம், தவணை 26 ஆயிரம் சொச்சம். சம்பளம் கைக்கு 58 ஆயிரம் வருகிறது. வாடகை தண்டம், தவணை கட்டினால் சொத்து என்று வீட்டில் எல்லோரும் சொல்கிறார்கள். எட்டரை வட்டிதானே, பெரிதாக என்ன ஆகிவிடும்? வரிச் சலுகை வேறு இருக்கிறது. அனுபவப்பட்டவர்கள் சொல்லுங்கள்.

6 ஜூலை 2025, இரவு

தம்பி, "எட்டரைதானே" என்ற அந்த ஒரு சொல்லுக்காகத்தான் எழுதுகிறேன். நானும் 2013-ல் அதே "தானே" போட்டவன்.

முதலில் உங்கள் கணக்கு. 30 லட்சம், 8.5 சதவீதம், 240 மாதம். தவணை 26,035 ரூபாய். 240-ஆல் பெருக்குங்கள்: 62 லட்சத்து 48 ஆயிரம். வாங்கியது 30, வட்டி மட்டும் 32 லட்சத்து 48 ஆயிரம். ஒரு வீட்டுக்கு இரண்டு வீட்டுக் காசு.

முதல் மாதம் கட்டும் 26,035-ல் 21,250 வட்டிக்குப் போகும். அசலில் கழிவது 4,785. வாடகை 9,500 தண்டம் என்கிறீர்கள். அந்த 21,250-ம் திரும்பி வராத பணம்தான். வீட்டுக்காரருக்குக் கொடுப்பது வீட்டு வாடகை, கடன் கொடுத்தவருக்குக் கொடுப்பது பணத்துக்கு வாடகை. முதல் வருடங்களில் இரண்டாவது வாடகைதான் பெரியது.

வீடு வாங்காதீர்கள் என்று சொல்லவில்லை. என்ன விலைக்கு வாங்குகிறோம் என்று தெரிந்து வாங்குங்கள்.

7 ஜூலை 2025

என் கதை. செம்மண்டலம் தாண்டி, பெண்ணையாற்றுப் பக்கம் 3 சென்ட் மனை, அப்பா வாங்கிப் போட்டது. 2013-ல் கட்ட ஆரம்பித்து 2014 ஜூனில் கிரகப்பிரவேசம். கடன் 18 லட்சம், வட்டி 10.25, இருபது வருடம். தவணை 17,670. அப்போது என் சம்பளத்தில் ஏறக்குறைய பாதி. அப்படியே கடைசி வரை ஓடினால் 42 லட்சத்து 41 ஆயிரம் கட்டியிருப்பேன்.

அதை நான் கணக்குப் போட்டதே இல்லை. எனக்கு மேலாளர் காட்டியது தவணை ஒன்றுதான். "மாதம் பதினேழாயிரம் கட்ட முடியுமா சார்?" என்று கேட்டார். முடியும் என்றேன். பேச்சு அதோடு முடிந்தது.

ஐந்தாவது வருடம் மகளின் பள்ளிக் கட்டணத்துக்குப் பணம் புரட்ட வேண்டியிருந்தபோதுதான் முதன்முறையாகக் கடன் கணக்கு விவரம் எடுத்தேன். பத்தரை லட்சம் கட்டியிருந்தேன். அசல் இரண்டு லட்சம் சொச்சம்தான் குறைந்திருந்தது. கவுன்ட்டரில் இருந்த பெண்ணிடம் "இது தப்பாக அச்சாகிவிட்டதா?" என்று கேட்டேன். அந்தப் பெண் என் காகிதத்தை வாங்கி, வட்டிக் கலத்தைப் பேனாவால் மேலிருந்து கீழே ஒரு கோடு இழுத்துக் காட்டினார். ஒவ்வொரு வரியிலும் பதினாலாயிரம், பதினாலாயிரம். ஒரு வார்த்தை பேசவில்லை. அந்தக் காகிதம் இன்னும் என் பீரோவில் இருக்கிறது.

8 ஜூலை 2025

இது ஏமாற்று வேலையா என்று கேட்டவர்களுக்காக: இதில் யாரும் ஏமாற்றவில்லை. பாக்கி இருக்கும் அசலுக்கு மாதா மாதம் வட்டி. ஆரம்பத்தில் பாக்கி அதிகம், அதனால் வட்டி அதிகம். அவ்வளவுதான் விஷயம். உங்கள் 30 லட்சத்தில் 12-வது வருடத்தில்தான் தவணைக்குள் அசல் வட்டியை முந்தும். பத்து வருடம் ஒழுங்காகக் கட்டி முடித்த அன்றைக்கு 31 லட்சத்து 24 ஆயிரம் கட்டியிருப்பீர்கள். பாக்கி? 21 லட்சம்.

இதே 30 லட்சம், இதே எட்டரை, வருடத்தை மட்டும் மாற்றிப் பாருங்கள். 15 வருடம் என்றால் தவணை 29,542, மொத்த வட்டி 23 லட்சத்து 18 ஆயிரம். 30 வருடம் என்றால் தவணை 23,067, மொத்த வட்டி 53 லட்சம். மாதம் மூவாயிரம் குறைகிறதே என்று 20-லிருந்து 30-க்குப் போகிறவர், அந்த மூவாயிரத்துக்காக 20 லட்சம் கூடுதலாகக் கட்டுகிறார். வட்டி விகிதத்துக்காகக் கால் சதவீதம், அரை சதவீதம் என்று நாலு இடம் ஏறி இறங்குகிறோம். வருடங்களை மட்டும் அவர்கள் போட்டுக் கொடுத்தபடியே ஒப்புக்கொள்கிறோம்.

என் யோசனை: 15 வருடம் போடுங்கள்.

9 ஜூலை 2025

ஒன்று விட்டுப்போனது. கடனோடு சேர்த்து ஓர் ஆயுள் காப்பீடு போடச் சொல்வார்கள், பிரீமியம் மொத்தமாக ஒரே தவணை. "கையிலிருந்து தர வேண்டாம் சார், கடனிலேயே சேர்த்துவிடலாம்" என்பார்கள். 90,000 ரூபாய் பிரீமியத்தைக் கடனில் சேர்த்தால், எட்டரையில் இருபது வருடத்தில் அதற்காக நீங்கள் கட்டுவது 1 லட்சத்து 87 ஆயிரம். காப்பீடு வேண்டும், குடும்பம் வைத்திருப்பவருக்குக் கட்டாயம் வேண்டும். தனியாக டேர்ம் பாலிசி (இறந்தால் மட்டும் பணம் தரும் ஆயுள் காப்பீடு) எடுத்து வருடா வருடம் கட்டுங்கள்.

14 ஜூலை 2025

"8 லட்சம் கையில் இருக்கிறது, 30 கடன், 38 சரியாகிவிட்டது" என்று தம்பி எழுதியிருக்கிறார். சரியாகாது. தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். பதிவுக் கட்டணம் முன்பு 4 ஆக இருந்து 2023 ஏப்ரலில் 2 ஆனது. ஆக 9 சதவீதம். 38 லட்சத்துக்கு 3 லட்சத்து 42 ஆயிரம். அப்புறம் பரிசீலனைக் கட்டணம், அதற்கு 18 சதவீதம் ஜி.எஸ்.டி., வக்கீல் கருத்துரை, மதிப்பீட்டுப் பொறியாளர், எம்.ஓ.டி. (பத்திரத்தை அடமானமாக ஒப்படைத்ததற்கான ஆவணம்) பதிவு, பத்திர எழுத்தர். குடிபோகும்போது கிரில், மோட்டார், கொசுவலைக் கதவு.

இந்த நாலு, நாலரை லட்சத்தை எங்கிருந்து எடுப்பீர்கள்? பெரும்பாலும் நகை அடகு, சீட்டு, அலுவலகத்தில் முன்பணம். அவற்றின் வட்டி எந்தத் தவணை அட்டவணையிலும் வராது. நான் சீட்டைத் தள்ளி எடுத்துத்தான் கடைசி மேஸ்திரி கூலி கொடுத்தேன். அந்தத் தள்ளுபடியும் வீட்டின் விலைதான்.

20 ஜூலை 2025

வரிச் சலுகை. வருமான வரியின் பழைய முறையில் சொந்தக் குடியிருப்புக்கு வட்டியில் வருடம் 2 லட்சம் வரை கழிவு, அசலுக்கு 80சி-யில் ஒன்றரை லட்சத்துக்குள் இடம். புதிய முறையில் நாமே குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குக் கழிவு கிடையாது. இந்த நிதியாண்டு (2025-26) முதல் புதிய முறையில் 12 லட்சம் வருமானம் வரை வரியே வராது, சம்பளக்காரருக்கு நிலைக்கழிவோடு 12.75 லட்சம். கைக்கு 58 ஆயிரம் வாங்குகிறவர் எந்த வரியை மிச்சம் பிடிக்கப் போகிறார்? வராத வரிக்குச் சலுகை எதற்கு? தம்பி, உங்கள் கணக்கிலிருந்து இந்தச் சலுகையை எடுத்துவிடுங்கள்.

2 ஆகஸ்ட் 2025

இரண்டு திருத்தங்கள்.

முதலாவது, 7-ஆம் தேதி நான் சொன்ன 42 லட்சத்து 41 ஆயிரம் குறைவு. வீடு கட்டிய பத்து மாதமும், கடன் அஸ்திவாரம், லிண்டல், ரூஃப் என்று பகுதி பகுதியாக வந்தது. வந்த பகுதிக்கு வெறும் வட்டி மட்டும் கட்டிக்கொண்டிருந்தேன். பழைய பாஸ் புத்தகத்தைக் கூட்டிப் பார்த்தேன், 77 ஆயிரத்தை ஒட்டி வருகிறது. அந்தப் பணம் அசலில் ஒரு ரூபாயைக்கூடத் தொடவில்லை, 240 தவணையிலும் சேரவில்லை. கட்டுமானம் தாமதமானால் இது நீண்டுகொண்டே போகும். மழையில் சென்ட்ரிங் பிரிக்காமல் ஒன்றரை மாதம் நின்றோம், அந்த ஒன்றரை மாதத்துக்கும் வட்டி உண்டு.

இரண்டாவது, நெல்லிக்குப்பத்திலிருந்து ஒருவர் எழுதியது. "62 லட்சம் என்று பயமுறுத்துகிறீர்கள். இருபது வருடம் கழித்துக் கட்டும் 26 ஆயிரம் இன்றைய 26 ஆயிரம் இல்லையே?" நியாயமான கேள்வி. மூன்று நாள் யோசித்தேன். அவர் சொல்வது சரி. 2014-ல் 17,670 என் சம்பளத்தில் பாதி. இன்று கால்வாசி. தவணை அப்படியே நின்றது, சம்பளமும் அரிசி விலையும் ஏறின. அதனால் 62-ஐ 30 பக்கத்தில் வைத்து "இரண்டு வீட்டுக் காசு" என்று முதல் நாள் சொன்னது முழுச் சரியில்லை.

ஆனால் இதற்கு ஒரு மறுபக்கம். சம்பளம் ஏறும் என்ற நம்பிக்கை எல்லார் வேலைக்கும் பொருந்தாது. சிப்காட்டில் ஒப்பந்த வேலையில் இருக்கும் என் பக்கத்து வீட்டுப் பையனுக்கு நாலு வருடமாக அதே கூலி.

17 ஆகஸ்ட் 2025

என் பெரிய நஷ்டத்தைச் சொல்லாமல் தள்ளிப்போட்டுக்கொண்டே வந்தேன்.

நான் கடன் வாங்கியபோது வட்டி "பேஸ் ரேட்" (வங்கி தானே வைக்கும் அடிப்படை வட்டி) என்ற பழைய முறையில் இருந்தது. 2016 ஏப்ரலில் எம்.சி.எல்.ஆர். (வங்கிக்குப் பணம் திரட்ட ஆகும் செலவை வைத்துப் போடும் வட்டி) என்று ஒன்று வந்தது. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடனை ரெப்போ (ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி) போன்ற வெளி அளவுகோலோடு கட்ட வேண்டும் என்று ரிசர்வ் வங்கி சொன்னது. பழைய கடன்காரன் தானாக மாறமாட்டான், அவனாகப் போய் எழுதிக் கொடுத்தால்தான் மாற்றுவார்கள். எனக்கு யாரும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

2020 மே மாதம் ரெப்போ 4 சதவீதத்துக்கு இறங்கியது. 2021-ல் அலுவலகத்தில் புதிதாகச் சேர்ந்த தம்பி ஒருவர் 6.9-க்குக் கடன் வாங்கி இனிப்பு கொடுத்தார். நான் அதே நாளில் ஒன்பது கட்டிக்கொண்டிருந்தேன். அப்போது என் பாக்கி பதினாலரை லட்சம். இரண்டு சதவீத வித்தியாசம் என்றால் வருடம் 29 ஆயிரம். மறுநாளே போனேன். ஒரு விண்ணப்பம், மாற்றுக் கட்டணம் சில ஆயிரம், இரண்டு கையெழுத்து. பத்து நாளில் மாறியது. பத்து நாள் வேலைக்கு எத்தனை வருடம் சும்மா இருந்தேன்!

தம்பிக்கு இது ஏன் முக்கியம் என்றால், உங்களுக்குக் கடன் தருவது வங்கி இல்லை, வீட்டுக் கடன் நிறுவனம். அந்த 2019 விதி வங்கிகளுக்குத்தான். நிறுவனங்கள் தங்கள் சொந்த அளவுகோலை வைத்துக்கொள்கின்றன. இந்த பிப்ரவரியிலிருந்து ஜூன் வரை ரெப்போ 6.50-லிருந்து 5.50-க்கு இறங்கிவிட்டது. அதில் எவ்வளவு உங்கள் எட்டரைக்குள் வந்திருக்கிறது என்று நேராகக் கேளுங்கள். இரண்டு வங்கியிலாவது ஏறி இறங்கிவிட்டு வாருங்கள்.

18 ஆகஸ்ட் 2025

இறங்குவதை மட்டும் சொன்னால் போதாது. புதுச்சேரி ரெட்டியார்பாளையத்தில் என் மச்சான், மனைவியின் தம்பி, 2022 பிப்ரவரியில் பிளாட் வாங்கினார். 30 லட்சம், 6.9 சதவீதம், 20 வருடம், தவணை 23,079. ரொம்ப மலிவு என்று எல்லோரும் பாராட்டினோம். அந்த மே மாதம் ரெப்போ ஏற ஆரம்பித்தது. 2023 பிப்ரவரியில் 6.50. ஒன்பது மாதத்தில் இரண்டரை சதவீதம்.

வட்டி ஏறினால் பெரும்பாலும் தவணையைத் தொடமாட்டார்கள், வருடத்தை நீட்டிவிடுவார்கள். நமக்கு வலிக்காது. ஆனால் மச்சானுக்கு நீட்டவும் இடமில்லாமல் போனது. பாக்கி 29 லட்சத்து 60 ஆயிரம், வட்டி 9.4 என்றால் ஒரு மாத வட்டி மட்டும் 23,187. அவர் தவணை 23,079. வட்டிக்கே 108 ரூபாய் பற்றவில்லை! எத்தனை வருடம் கட்டினாலும் தீராத கடன். தவணையை உயர்த்தச் சொல்லிக் கடிதம் வந்தபோது ராத்திரி பதினோரு மணிக்கு எனக்குப் போன் செய்தார். "மாமா, ஒரு வருஷம் கட்டினது எங்கே போச்சு?" என்றார். என் ஐந்தாவது வருடக் காகிதத்தைப் படம் எடுத்து அனுப்பினேன்.

இதற்குப் பிறகுதான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு போட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றவா, வருடத்தை நீட்டவா, இரண்டும் சேர்த்தா என்று தேர்வு செய்யும் உரிமை கடன் வாங்கியவருக்கு. நிலையான வட்டிக்கு மாறும் வழியும் தர வேண்டும் என்று அந்த உத்தரவு அப்போது சொன்னது. காலாண்டுக்கு ஒருமுறை இதுவரை வசூலான அசல், வட்டி, மீதித் தவணை எத்தனை என்று விவரம் தர வேண்டும். அந்தத் தாளில் ஒரே ஓர் எண்ணைப் பாருங்கள்: மீதித் தவணைகள். போன தாளைவிட மூன்று குறைந்திருக்க வேண்டும். குறையவில்லை என்றால் அன்றைக்கே போய்க் கேளுங்கள்.

7 செப்டம்பர் 2025

முன்கூட்டிக் கட்டுவது பற்றி நிறையப் பேர் கேட்டிருக்கிறீர்கள். தனிநபர் பெயரில் மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு முன்கட்டல் அபராதம் கிடையாது. வங்கிகளில் 2012-லிருந்தே இல்லை. யாராவது கேட்டால் எழுத்தில் கேளுங்கள்.

எப்போது கட்டுகிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. தம்பியின் அதே 30 லட்சக் கணக்கு. முதல் வருட முடிவில் 1 லட்சம் கூடுதலாகக் கட்டினால் கடைசியில் 18 தவணை விழும், 4 லட்சத்து 70 ஆயிரம். அதே 1 லட்சத்தைப் பதினைந்தாவது வருட முடிவில் கட்டினால் விழுவது ஆறு தவணைகூட இல்லை, ஒன்றரை லட்சம்தான். நாற்று பிடிக்கும் நேரத்தில் விடும் தண்ணீரும் கதிர் முற்றியபின் விடும் தண்ணீரும் ஒன்றா?

மொத்தமாக இல்லையா, சரி. முதல் மாதத்திலிருந்தே 2,000 சேர்த்து 28,035 கட்டுங்கள். 240 மாதம் 201 மாதமாகும். ஆறு லட்சம் மிச்சம்.

கட்டும்போது "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுங்கள். என் முதல் முன்கட்டல் 4 லட்சம், 2021 கடைசியில், அம்மாவின் காணி விற்ற பங்கு. எழுதிக் கொடுக்காததால் தவணையைக் குறைத்துவிட்டார்கள். மறுபடி நடந்து மாற்றினேன்.

5 அக்டோபர் 2025

மேலே எழுதியதை அப்படியே எடுத்துக்கொண்டு கையிருப்பை எல்லாம் கடனில் போட்டுவிடாதீர்கள். நான் போட்டேன்.

போன வருடம் அக்டோபரில் 3 லட்சம் சேர்ந்திருந்தது. அப்படியே கொண்டுபோய்க் கட்டினேன். பாக்கி மூன்று லட்சத்துக்கு வந்துவிட்டது, எனக்கு அவ்வளவு மகிழ்ச்சி. நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரையைக் கடந்தது. புதுச்சேரியில் 24 மணி நேரத்தில் 48 சென்டிமீட்டர் மழை. எங்களுக்கு அன்று மழைத் தண்ணீர் மட்டும்தான். அடுத்த இரண்டு நாளில் சாத்தனூர் அணையில் திறந்த தண்ணீர் தென்பெண்ணையில் வந்து சேர்ந்தது. விடியற்காலை கண் விழித்துக் காலை வைத்தால் கட்டிலுக்குக் கீழே தண்ணீர். முழங்கால் அளவு. பிரிட்ஜ் சாய்ந்து மிதந்தது. இன்வெர்ட்டர் பேட்டரி, மோட்டார், மெத்தை, பள்ளிப் புத்தகங்கள். மூன்று நாள் மொட்டை மாடியில் இருந்தோம்.

தண்ணீர் வடிந்தபின் கையில் 11 ஆயிரம் ரூபாய் இருந்தது. கடனில் போட்ட மூன்று லட்சம் வராது. மனைவியின் வளையலையும் சங்கிலியையும் அடகு வைத்தேன், வீட்டுக் கடன் வட்டியைவிட அதிக வட்டிக்கு. வீட்டுக்குக் காப்பீடு இருந்தது, கட்டடத்துக்கு மட்டும். உள்ளே இருந்த பொருளுக்கு இல்லை. பாலிசித் தாளை நான் முழுதாகப் படித்ததே அந்த டிசம்பரில்தான்.

2011 டிசம்பர் 30-ஆம் தேதி தானே புயல் வந்தபோது கூரை பறந்த வீடுகளைப் பார்த்தவன் நான். 2015 வெள்ளத்தையும் பார்த்தேன். தெரிந்தும் செய்தேன்.

அதனால் ஜூலையில் சொன்ன "15 வருடம் போடுங்கள்" என்பதைத் திருத்துகிறேன். காகிதத்தில் 20 வருடமே போடுங்கள். 15 வருடத் தவணை மாதிரி கட்டுங்கள். நல்ல மாதத்தில் கூட்டிக் கட்டலாம், கெட்ட மாதத்தில் கட்டாயத் தவணையோடு நிறுத்தலாம். 15 என்று எழுதிவிட்டால் புயல் மாதத்திலும் 29,542 கட்டியாக வேண்டும். ஆறு மாதத் தவணைக்கான பணம் எப்போதும் தொடாமல் இருக்கட்டும். நம் ஊரில் அதை நவம்பருக்கு முன் சேர்த்து வையுங்கள்.

6 அக்டோபர் 2025

பழைய நகரத்திலிருந்து எழுதிய அக்கா பராமரிப்பை நினைவுபடுத்தினார்கள். உண்மை. கடலோரத்தில் உப்புக் காற்று. ஜன்னல் கம்பிக்கு இரண்டு வருடத்துக்கு ஒரு முறை பெயின்ட் அடித்தாக வேண்டும். அவர்கள் வீட்டில் சிலாபுக்குள் கம்பி துருப்பிடித்து உப்பி, காரை பெயர்ந்து சமையலறையில் விழுந்ததாம். நல்லவேளை யாரும் அடியில் இல்லை. வாடகைக்கு இருக்கும்வரை இதெல்லாம் வீட்டுக்காரர் செலவு. நாம் அதை எண்ணுவதே இல்லை.

22 நவம்பர் 2025

கடன் முடிந்தது.

நவம்பர் தவணையும் கட்டி, தீபாவளி போனஸோடு சேர்த்து மீதி 1 லட்சத்து 6 ஆயிரத்தையும் அடைத்தேன். 137 தவணை: 24 லட்சத்து 21 ஆயிரம். முன்கட்டல் 4, 3, இப்போது 1.06. வீடு கட்டும்போது கொடுத்த வட்டி 77 ஆயிரம். மொத்தம் 33 லட்சத்து 4 ஆயிரம். வாங்கியது 18. நீண்ட வழியில் போயிருந்தால் 43 லட்சம் தாண்டியிருக்கும், 2034 வரை ஓடியிருக்கும்.

அம்மாவிடம் சொன்னேன். 81 வயது. "இனிமே இது நம்ம வூடா?" என்று கேட்டார். பதினோரு வருடமாக இது நம் வீடு இல்லை என்று நினைத்துக்கொண்டே இருந்திருக்கிறார், ஒரு தடவைகூட வாய் திறக்கவில்லை. அன்று மாலை வாசல் படியில் வந்து உட்கார்ந்தவர் விளக்கு வைக்கும்வரை எழுந்திருக்கவில்லை.

இதை எந்தக் கணக்கில் சேர்ப்பது என்று எனக்குத் தெரியவில்லை. ஆனால் சேர்க்காமல் விட்டால் கணக்கு தப்பு. ஜூலையில் நான் எழுதியதில் இது இல்லை.

6 டிசம்பர் 2025

நேற்று ரெப்போ 5.25 ஆனது. கடன் இருப்பவர்கள் அடுத்த வட்டி மறுநிர்ணயத் தேதி எது என்று கேட்டு வையுங்கள். ரெப்போவோடு கட்டிய கடன் என்றால் மூன்று மாதத்துக்குள் உங்கள் வட்டியில் தெரிய வேண்டும்.

தம்பி தனிச்செய்தி அனுப்பியிருந்தார், இங்கே எழுத அனுமதியும் தந்தார். ஒரு வங்கியில் 7.9-க்குக் கிடைத்திருக்கிறது. 30 லட்சம், 20 வருடம், தவணை 24,907. அவர் கட்டப் போவது 28,500. வட்டி அப்படியே நின்றால் 15 வருடத்தில் முடியும், மொத்த வட்டி 21 லட்சத்துச் சொச்சம். முதல் நாள் கணக்கில் அது 32 லட்சத்து 48 ஆயிரம். ஒற்றைப் பிரீமியம் காப்பீடு வேண்டாம் என்று சொல்லிவிட்டாராம். பதிவுச் செலவுக்கு அடகு வைக்காமல், ஆறு மாதம் காத்திருந்து சேர்த்திருக்கிறார். வீட்டை விற்பவரும் காத்திருந்தார், அது அதிர்ஷ்டம்.

தம்பி, ஒன்று மட்டும். கையொப்பம் போடும் முன் முக்கிய விவரத் தாள் என்று ஒன்று தருவார்கள், 2024 அக்டோபரிலிருந்து கட்டாயம். அதில் எல்லாக் கட்டணமும் சேர்த்த ஆண்டு விகிதம் இருக்கும். அந்த விகிதத்துக்கும் 7.9-க்கும் வித்தியாசம் எவ்வளவு என்று பாருங்கள்.

13 டிசம்பர் 2025

பத்திரங்கள் கைக்கு வந்தன. கடன் முடித்த 30 நாளுக்குள் அசல் ஆவணங்களைத் திருப்பித் தர வேண்டும், அவர்கள் பக்கத் தாமதம் என்றால் நாளுக்கு 5,000 ரூபாய். 2023 டிசம்பர் முதல் இருக்கும் விதி. இரண்டு முறை "மேலிடத்திலிருந்து வரவில்லை" என்றார்கள். விதியைச் சொல்லி ஒரு கடிதம் கொடுத்தேன், அடுத்த வாரமே வந்தது.

கவரைப் பிரித்து அங்கேயே பக்கம் பக்கமாகச் சரிபார்த்தேன். கொடுத்தபோது வாங்கிய ஆவணப் பட்டியலைப் பத்திரமாக வைத்திருந்தது உதவியது. தாய்ப்பத்திரத்தின் மடிப்பில் அப்பா ஒட்டிய டேப் பழுத்து மஞ்சளாகியிருந்தது. ஓரத்தில் அவருடைய கையெழுத்து, பச்சை மையில், மங்காமல்.

வேலை இன்னும் முடியவில்லை. எம்.ஓ.டி. பதிவானது சார்பதிவாளர் அலுவலகத்தில் வில்லங்கமாக நிற்கும். கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணத்தைப் பதிவு செய்தால்தான் வில்லங்கச் சான்றில் அது தீர்ந்ததாகக் காட்டும். இதைச் செய்யாமல் பீரோவில் பத்திரத்தைப் பூட்டிவிட்டு, பத்து வருடம் கழித்துப் பிள்ளைகள் விற்கப் போகும்போது அலைகிறவர்கள் நிறைய. அடுத்த வாரம் டோக்கன் போட்டிருக்கிறேன்.

19 டிசம்பர் 2025

ரசீது பதிவாகிவிட்டது. அசல் அடையாள அட்டை எடுத்துப் போங்கள், நகல் மட்டும் போதாது என்று என்னைத் திருப்பி அனுப்பி மதியம் மறுபடி வரவைத்தார்கள். புது வில்லங்கச் சான்று எடுத்துப் பார்த்தேன், கடன் தீர்ந்த பதிவு ஏறியிருக்கிறது. தம்பி, உங்கள் முதல் காலாண்டுத் தாள் வந்ததும் மீதித் தவணை எத்தனை என்று இங்கே எழுதுங்கள்.